கிளாத்தி வந்த நேரம்

ஜெயசிங்குக்கு மீனைப் பற்றித் தெரியும். மீன் பிடிக்கத் தெரியாது. இரண்டும் ஒன்றுதான் என்று நாசரேத்தில் அவருடைய சொந்தக்காரர்கள் நினைத்துக்கொண்டிருந்தார்கள். தூத்துக்குடியில் ஒரு கல்லூரியில் விலங்கியல் வாத்தியார், மீனை வைத்து டாக்டர் பட்டத்துக்கு ஆராய்ச்சி செய்கிறவர், அவருக்கா ஒரு மீன் பிடிக்கத் தெரியாது? தெரியாதுதான். முப்பத்தாறு வயது வரைக்கும் அவர் தொட்ட மீனெல்லாம் ஒன்று ஃபார்மலின் புட்டியில் மிதந்தது, இல்லையென்றால் குழம்பில் கிடந்தது. போதாக்குறைக்கு நீச்சலும் தெரியாது.

அவருடைய ஆராய்ச்சி, தண்ணீருக்கு மேலே இருக்கிற உலகம் மீனுக்கு எப்படித் தெரிகிறது என்பது. புத்தகம் சொல்கிறது: நீருக்குள்ளிருந்து அண்ணாந்து பார்த்தால் மேலே உள்ளது அத்தனையும் தலைக்கு நேரே ஒரு வட்டத்துக்குள் சுருங்கிக் கிடக்கும். வானம், கரை, மரம், ஆள், எல்லாம் அந்த ஒரு வட்டத்துக்குள். வட்டத்துக்கு வெளியே நீரின் மேற்பரப்பு கண்ணாடியாகிவிடும். கடலடிப் பாறையும் பாசியும்தான் அதில் தலைகீழாகத் தெரியும். ஜெயசிங் இதற்குக் கோணம் கோணமாகக் கணக்குப் போட்டு வைத்திருந்தார். கண்ணால் கண்டதில்லை.

கண்ணால் கண்ட ஒருவரைத் தேடிக் கடற்கரையில் அலைந்தபோதுதான் சிலுவை கிடைத்தார். நாற்பத்திரண்டு வயது. சங்கு குளிக்கிறவர், கடைசியாக முத்துக்குளிப்பு நடந்த வருஷங்களில் முத்துக்கும் மூழ்கியவர். மீனுக்கு என்ன தெரியும் என்று ஒரு வாத்தியார் கேட்டுக்கொண்டு வந்து நின்றதும் மற்றவர்கள் எல்லாம் சிரித்தார்கள். சிலுவை சிரிக்கவில்லை.

“ஒரு வட்டம் தெரியும் சார்,” என்றார். “கீழ போகப் போக அகலமாகும். மேல வத்தப் படகுல நிக்குற ஆளு அதோட ஓரத்துல சாஞ்சு நிப்பான். அவன் குனிஞ்சா நமக்குத் தலைக்கு மேல வந்து விழுத மாதிரி இருக்கும். வட்டத்துக்கு அங்கிட்டு ஒண்ணும் தெரியாது.”

ஜெயசிங்குக்கு அவரைக் கட்டிப்பிடிக்க வேண்டும் போல இருந்தது. இரண்டு வருஷமாகக் காகிதத்தில் வரைந்து வைத்திருந்ததை ஒரு மனுஷன் நேரில் பார்த்துவிட்டு வந்து வெற்றிலையைத் துப்பிவிட்டுச் சொல்கிறான். அன்றிலிருந்து இருவரும் சிநேகிதர்களாகிவிட்டார்கள்.

ஆனால் கடலுக்குப் போவதில் ஒரு சிக்கல் இருந்தது. ஜெயசிங்குக்கு ஞாயிற்றுக்கிழமை ஒன்றுதான் ஓய்வு. அவரும் அன்றைக்குச் சபைக்குப் போக வேண்டியவர்தான். ஆராய்ச்சி முடிகிற வரைக்கும் ஆண்டவர் பொறுத்துக்கொள்வார் என்று தனக்குத் தானே அனுமதி கொடுத்துக்கொண்டார். சிலுவையின் தெருவில் அந்தச் சலுகை கிடையாது. ஞாயிற்றுக்கிழமை கடலில் தொழில் செய்யக் கூடாது, அவ்வளவுதான். மூன்று வாரம் கெஞ்சிய பிறகு சிலுவையே ஒரு வழி கண்டுபிடித்தார். மீனைப் பார்ப்பது தொழில் ஆகாது. பிடித்தால்தான் தொழில். ஆகவே வத்தையில் பிடிக்கிற சாமான் ஒன்றுகூட இருக்கக் கூடாது. இருந்தால் கை சும்மா இருக்காது, ஊரும் நம்பாது.

1973 செப்டம்பரில் ஒரு ஞாயிற்றுக்கிழமை, மாதா கோயிலில் முதல் பூசை முடிந்த கையோடு, சிலுவை தன் வத்தையைத் துப்புரவாகக் காலி செய்தார். அது இரண்டு பேர் படுத்தால் நிறைந்துவிடுகிற சின்னப் படகு. பாயும் உண்டு, துடுப்பும் உண்டு. தூண்டில், நரம்புக் கயிறு, வலை, கத்தி, இரை போடும் டப்பா, எல்லாவற்றையும் ஒவ்வொன்றாக எடுத்து, பார்க்கிறவர்கள் பார்க்கட்டும் என்று, மணலில் நின்ற மனைவி பிச்சம்மாள் கையில் கொடுத்தார். பலகை இடுக்கில் மாட்டியிருந்த ஒரு பழைய முள்ளைக்கூட நோண்டி எடுத்துக் கொடுத்தார். ஜெயசிங் அதைப் பார்த்துச் சிரித்தார். அந்தச் சிரிப்பை நினைத்துப் பிறகு அவர் எத்தனை தரம் தலையில் அடித்துக்கொண்டார் என்பதற்குக் கணக்கில்லை.

வாண் தீவைத் தாண்டி ஒரு பாரில் கல்லைப் போட்டு நிறுத்தினார்கள். பார் என்றால் கடலடியில் பாறை மேடு. முத்துச் சிப்பி விளைகிற இடம், மீனும் அங்கேதான் மேயும். ஜெயசிங் அடியில் கண்ணாடி வைத்த ஒரு மரப்பெட்டியை நீரில் அமிழ்த்திக் குனிந்து பார்த்துக்கொண்டே, மூங்கில் கழியின் நுனியில் கட்டிய பலகையைத் தண்ணீருக்கு மேலே நீட்டினார். வெள்ளைப் பலகை, கறுப்புப் பலகை, நீலப் பலகை. எந்த உயரத்தில் எந்தப் பலகையைக் கண்டு மீன் விலகுகிறது என்று நோட்டில் குறித்தார். பலகையைத் தாழ்வாக, கடலோடு ஒட்டினாற்போல் பிடித்தால் மீன்கள் சட்டை செய்யவே இல்லை. கொஞ்சம் உயர்த்தினால் போதும், மொத்தமும் சிதறிப் பறந்தன. கணக்கு சொன்ன கோணம் அப்படியே. ஜெயசிங் சின்னப் பிள்ளையைப் போலக் கை தட்டினார்.

பத்து மணிக்குச் சிலுவை காற்றை முகர்ந்து பார்த்துவிட்டு, கச்சான் ஏறுகிறது, கிளம்பலாம் என்றார். கச்சான் மேற்கிலிருந்து கடலைப் பார்த்து அடிக்கிற காற்று. முற்றிவிட்டால் சின்ன வத்தை அதை எதிர்த்துக் கரை சேருவது லேசில்லை. ஜெயசிங் இன்னும் ஒரே ஒரு பலகை என்றார். அது முடிந்ததும், சிவப்பு ஒன்று பாக்கி என்றார். சிலுவை மறுத்துப் பேசவில்லை. படித்த மனுஷன் இத்தனை ஆசைப்படுகிறானே என்று இருந்துவிட்டார்.

கல்லைத் தூக்கிப் பாயை விரித்தபோது பன்னிரண்டு ஆகிவிட்டது. கால் மணி நேரம்கூட ஓடியிருக்க மாட்டார்கள். ஒரு குத்துக் காற்று பாயை முறுக்கிப் பிடுங்கியது. பாய்மரம் அடியில் முறிந்து சாய்ந்து சிலுவையின் நெஞ்சில் விழுந்து, தண்ணீர்க் குடத்தை நொறுக்கி, பாயோடும் கயிறோடும் கடலுக்குள் போனது. ஒரு துடுப்பும் கூடவே போயிற்று. எல்லாம் ஒருவர் தும்முகிற நேரத்துக்குள் நடந்து முடிந்தது.

சிலுவை நினைவு தப்பிக் கிடந்தார். ஜெயசிங் அவரை உலுக்கினார், ஜெபம் பண்ணினார், மிச்சமிருந்த துடுப்பை எடுத்துத் தோன்றியபடி தண்ணீரை அடித்தார். இரண்டு உள்ளங்கையிலும் தோல் உரிந்ததுதான் மிச்சம். சிலுவை கண் விழித்துக் கேட்ட முதல் வார்த்தை, கல்லைப் போட்டீர்களா என்பது. கல்லைப் போட்டால் வத்தை நின்ற இடத்தில் நிற்கும் என்பது ஜெயசிங்குக்குத் தோன்றவே இல்லை. அப்போது போட்டார். கயிறு முழுவதும் ஓடித் தீர்ந்தது. கல் அடியைத் தொடவில்லை. துறைமுகத்துக்காகக் கடலுக்குள் போட்டிருக்கும் கல் அணை மேற்கே ஒரு கறுப்புக் கோடாகத் தெரிந்தது. பிறகு அதுவும் தெரியவில்லை.

ஜெயசிங் கொண்டுவந்த எவர்சில்வர் கூஜாவில் பாதித் தண்ணீர் இருந்தது. ஆறு ரஸ்க் இருந்தது. திங்கட்கிழமை சாயங்காலம் கூஜாவைக் கவிழ்த்து, கடைசிச் சொட்டைச் சிலுவையின் உதட்டில் விட்டார். ரஸ்க் நாலு மிச்சம். வறண்ட வாயில் அது மணலாகத் திரண்டது, இறங்கவில்லை.

சிலுவைக்கு விலா எலும்புகள் உடைந்திருந்தன. படகின் அடிப்பலகையில் மல்லாந்து கிடந்தார். ஒவ்வொரு மூச்சுக்கும் ஒரு முனகல், அதற்குள் அடங்காமல் ஒரு இழுப்பு. இருந்தாலும் அவர்தான் தைரியம் சொன்னார். திங்கட்கிழமையே தெருக்காரர்கள் தேடிக் கிளம்பியிருப்பார்கள், நாம் இவ்வளவு தூரம் கிழக்கே வந்துவிட்டோம் என்று அவர்களுக்குத் தெரிய ஒரு நாள் ஆகும், அதுவரை தாக்குப் பிடித்தால் போதும் என்றார். கொழும்புக்குச் சரக்கு ஏற்றிப் போகும் தோணிகள் இந்த மாதம்தான் ஓடத் தொடங்கும், ஏதாவது ஒன்று குறுக்கே வரும் என்றார். செவ்வாய்க்கிழமை காலையில், கன்னத்தைப் படகின் பக்கப் பலகையில் வைத்தபடி, மெல்லச் சொன்னார்.

“அடியில கிளாத்தி நிக்கும் பாருங்க சார். மெதக்குற எதுக்கும் நெழலுக்கு வந்து சேரும் அது. ஒண்ணப் பிடிச்சிட்டியன்னா ரெண்டு பேரும் பொழச்சோம். அதோட கண்ணுலயும் நடு முள்ளுலயும் நல்ல தண்ணி உண்டு. சதையக் கடிச்சுச் சாற உறிஞ்சுனாலும் தொண்டை நனையும்.”

ஜெயசிங் கண்ணாடிப் பெட்டியை அமிழ்த்திப் பார்த்தார். நின்றன. தட்டையான உடம்பும் சின்ன வாயுமாக ஏழெட்டுக் கிளாத்திகள், வத்தையின் நிழலுக்குள், ஒரு முழ ஆழத்தில், எந்தக் கவலையும் இல்லாமல். கையை விட்டால் எட்டுகிற தூரம். அவ்வளவு தண்ணீர் அங்கே செதிலும் துடுப்புமாக நின்றுகொண்டிருந்தது. அவருக்கு அழுகை வந்தது. உடம்பில் ஈரம் இல்லாததால் கண்ணீர் வரவில்லை.

அன்றைக்கு முழுவதும் பட்ட பாட்டைச் சொல்லி முடியாது. பேப்பர் கிளிப்பை வளைத்து, சட்டைத் தையல் நூலில் கட்டி, ஊறிய ரஸ்க்கைக் குத்தி விட்டார். கிளாத்தி ரஸ்க்கை மட்டும் கொத்திக்கொண்டு போய்விட்டது. ஜாமெட்ரிப் பெட்டியிலிருந்த கவராயத்தை மூங்கில் நுனியில் கட்டிக் குத்திப் பார்த்தார். நீருக்குள் மீன் தெரிகிற இடத்தில் மீன் இருக்காது, ஒளி வளைந்து ஏமாற்றும் என்பது அவருக்குத் தெரியும்; எத்தனை விரற்கடை தள்ளிக் குத்த வேண்டும் என்பதும் தெரியும். கழி அசைந்ததுமே மீன் அங்கே இல்லை. கவராயம் கழன்று கடலுக்குள் போயிற்று. ரஸ்க்கும் தீர்ந்தது. ஒரு பழைய முள், சிலுவை பலகை இடுக்கிலிருந்து நோண்டி எடுத்துக் கொடுத்தாரே அந்த ஒரு துருப்பிடித்த முள், இருந்திருந்தால் என்று நினைத்தபோது அவருக்குச் சிலுவை மேலேயே கோபம் வந்தது. அந்தக் கோபத்துக்கு உடனே வெட்கப்பட்டார்.

புதன்கிழமை காலையில் சிலுவையின் உதடு வெடித்திருந்தது, நாக்கு தடித்திருந்தது. ஜெயசிங் நாடி பிடித்துப் பார்த்தார். அது நூலாக ஓடியது. இன்றைக்குள் இந்த மனுஷன் வாயில் ஈரம் படாவிட்டால் அவ்வளவுதான். தன்னால் வந்த வினை. சிவப்புப் பலகைக்கு ஆசைப்பட்டதால் வந்தது. கரையில் பிச்சம்மாள் இருக்கிறாள், மூன்று பெண் பிள்ளைகள் இருக்கிறார்கள். வெறும் கையால் பிடித்தே தீர்வது என்று முடிவு செய்தார்.

இந்த முறை தான் படித்ததை எல்லாம் கூட்டி யோசித்தார். மீனின் வட்டத்துக்குள் நான் விழக் கூடாது. தலையைத் தூக்கினால் அதற்கு வானத்தில் ஒரு பூதம் எழுந்த மாதிரி. ஆகவே குப்புறப் படுத்து, தலையைப் படகின் விளிம்புக்குக் கீழேயே வைத்துக்கொண்டு, நிழல் விழும் பக்கமாக ஒரு கையை மட்டும் நழுவவிட வேண்டும். வெள்ளைச் சட்டையைக் கழற்றிவிட வேண்டும். கையை நீருக்குள் விட்ட பிறகு அசைக்கவே கூடாது. அசையாத கை மீனுக்குக் கட்டையும் பாசியும்தான். உரிந்த உள்ளங்கையில் தோல் துணுக்குகள் தொங்கிக்கொண்டிருந்தன. அதுவே இரை.

கையை விட்டார். உப்பு நீர் புண்ணில் ஏறித் தீயாக எரிந்தது. பல்லைக் கடித்துக்கொண்டு கிடந்தார். விளிம்பை ஒட்டிய பலகையில் ஒரு கீறல் வழியாக நீரைப் பார்க்க முடிந்தது. ஒரு கிளாத்தி வந்தது, முட்டைக் கண்ணை உருட்டிப் பார்த்தது, ஒரு சாண் தள்ளி நின்றது. இன்னொன்று வந்தது. தோலைக் கொத்தப் போகிற நேரத்தில் இரண்டும் சட்டென்று வெட்டித் திரும்பி ஓடின.

மறுபடி காத்திருந்தார். மறுபடி வந்தன, மறுபடி ஓடின. நாலாவது தரம்தான் அவருக்குப் புரிந்தது. சிலுவை முனகும்போதெல்லாம் ஓடுகின்றன. அவருடைய முதுகு பலகையோடு ஒட்டிக் கிடக்கிறது. நெஞ்சிலிருந்து புறப்படுகிற முனகல் பலகைக்குள் இறங்கி, பலகையிலிருந்து தண்ணீருக்குள் இறங்குகிறது. மீனுக்குச் செவுளிலிருந்து வால் வரைக்கும் உடம்பின் இரு பக்கமும் ஒரு கோடு ஓடும். நீரில் எது அதிர்ந்தாலும் அந்தக் கோட்டில் அதற்குத் தெரிந்துவிடும். கண்ணுக்குத் தப்பினாலும் அதற்குத் தப்ப முடியாது. ஜெயசிங் தன் உள்ளங்கையைப் பலகையில் வைத்துப் பார்த்தார். சிலுவையின் ஒவ்வொரு மூச்சும் கையில் அதிர்ந்தது.

இதைக் கண்டுபிடித்த அந்தக் கணத்தில் அவருக்கு ஒரு சந்தோஷம் வந்தது என்பதையும் சொல்லத்தான் வேண்டும். சாகக் கிடக்கிற இடத்திலும் வாத்தியார் புத்தி போகாது. இதை நோட்டில் எழுத வேண்டும் என்றுகூட ஒரு நினைப்பு ஓடியது. அடுத்த கணம் தன்னையே காறித் துப்பிக்கொள்ளலாம் போலிருந்தது, துப்ப எச்சில் இல்லை.

நோட்டையும் சட்டையையும் வேட்டியையும் மடித்துச் சிலுவையின் முதுகுக்கு அடியில் திணித்தார். தூக்கியபோது சிலுவை அலறிய அலறலில் கடலே கலங்கியது. திணித்த பிறகும் அதிர்வு நிற்கவில்லை. கடைசியில் ஜெயசிங் அவர் காதருகே போய், எப்படிக் கேட்பது என்று தெரியாமல், கேட்டுவிட்டார். முனகினால் மீன் ஓடுகிறது அண்ணே, கொஞ்ச நேரம் அடக்கிக்கொள்ள முடியுமா என்றார். உடைந்த எலும்போடு கிடப்பவனைப் பார்த்துக் கேட்கிற கேள்வியா அது? சிலுவை தன் தலைத்துண்டின் முனையை எடுத்து வாயில் வைத்துக் கடித்துக்கொண்டார்.

வெயில் உச்சிக்கு ஏறியது. காற்று கொஞ்சம் அடங்கியிருந்தது. ஜெயசிங் பழையபடி குப்புறப் படுத்துக் கையை நழுவவிட்டார். தன் மூச்சையும் சின்னதாக்கிக்கொண்டார். துண்டைக் கடித்திருந்தும் சிலுவையின் நெஞ்சுக்குள் ஏதோ உறுமிக்கொண்டுதான் இருந்தது. ஆனால் குறைந்திருந்தது. கிளாத்திகள் வந்து, தயங்கி, போய், திரும்பி வந்தன. ஒன்று விரல் நுனியை முத்தமிடுவது போலத் தொட்டுவிட்டு விலகியது.

அப்போதுதான் சிலுவை வாயிலிருந்து துண்டை எடுத்தார்.

“சார்,” என்றார். “பிச்சம்மாகிட்ட ஒண்ணு சொல்லணும் சார்.”

அதிர்வில் மீன்கள் ஒரு முழம் விலகின. ஓடிவிடவில்லை. அந்த ஒரு முழத்தில்தான் இரண்டு பேர் உயிரும் இருக்கிறது என்று ஜெயசிங்குக்குத் தோன்றியது. தலையைத் திருப்பாமல், பலகையில் அழுந்திய வாயால் சொன்னார்.

“பேசாதீங்கண்ணே. மீன் வருது. அப்புறம் சொல்லுங்க.”

சிலுவை பேசவில்லை.

மீன்கள் திரும்பின. இந்த முறை தயக்கம் இல்லை. பலகை அசைவற்றுக் கிடந்தது. தண்ணீர் தண்ணீராகவே இருந்தது. பெரிய கிளாத்தி ஒன்று நேரே உள்ளங்கைக்கு வந்து தொங்கிய தோலைக் கவ்வி இழுத்தது. ஜெயசிங் வலியைப் பொறுத்துக்கொண்டார். இன்னும் இரண்டு வந்து சேர்ந்தன. அண்ணன் எவ்வளவு கட்டுப்படுத்திக்கொண்டு கிடக்கிறார், என்ன மனுஷன் என்று நினைத்துக்கொண்டார். பெரிய மீன் அடுத்த துணுக்குக்காக விரல்களுக்கு நடுவே புகுந்தபோது கையை மூடினார்.

அதன் முதுகு முள் நிமிர்ந்து உள்ளங்கையில் ஏறியது. விடவில்லை. உப்புத்தாள் போன்ற அந்தச் சொரசொரத் தோல்தான் வழுக்காமல் காப்பாற்றியது. மீனைத் தூக்கி வத்தைக்குள் எறிந்து அதன் மேல் விழுந்து அமுக்கினார். வாழ்நாளில் தன் கையால் பிடித்த முதல் மீன். சிரிப்பா அழுகையா என்று தெரியாத ஒரு சத்தம் அவர் தொண்டையிலிருந்து வந்தது. மீனை இரண்டு கையிலும் ஏந்திக்கொண்டு, முழங்காலால் நகர்ந்து, அண்ணே, பிடித்துவிட்டேன், வாயைத் திறங்கள் என்று சொல்லிக்கொண்டே திரும்பினார்.

சிலுவையின் வாய் திறந்துதான் இருந்தது. கண்ணும் திறந்திருந்தது. துண்டு நெஞ்சில் கிடந்தது, அது ஏறி இறங்கவில்லை.

ஜெயசிங் அதை ஒப்புக்கொள்ளவில்லை. மீனின் கண்ணைப் பல்லால் நசுக்கி அந்த நீரை அவர் வாயில் விட்டார். அது உள்ளே போகாமல் கடைவாயில் வழிந்தது. இன்னொரு கண்ணையும் நசுக்கி விட்டார். பெயரைச் சொல்லிக் கூப்பிட்டார். நெஞ்சில் காதை வைத்தார். அந்த நெஞ்சிலிருந்து மூன்று நாளாகப் பலகையில் இறங்கிக்கொண்டிருந்தது எதுவும் இப்போது இல்லை. எப்போது நின்றது? மீன்கள் தயங்காமல் திரும்பி வந்தபோதே நின்றிருக்க வேண்டும். ஒரு சாண் தள்ளி, முதுகைக் காட்டிப் படுத்திருந்தவருக்கு அது தெரியவில்லை. தண்ணீருக்கு அடியில் இருந்த கிளாத்திகளுக்குத் தெரிந்துவிட்டது.

வெகுநேரம் அவர் மீனைக் கையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். பிறகு தின்றார். உடம்பு அப்படிப்பட்டது, அதற்கு வெட்கமில்லை. பச்சைச் சதையைக் கடித்து உறிஞ்சினார், நடுமுள்ளை ஒடித்துச் சப்பினார். சாயங்காலத்துக்குள் இன்னும் மூன்று பிடித்தார். அவ்வளவு சுலபமாக இருந்தது. கையை விட்டால் போதும், வந்து மொய்த்தன. ஒவ்வொரு மீனையும் பிடிக்கும்போது, அது ஏன் இவ்வளவு சுலபமாக வருகிறது என்பது அவருக்குத் தெரிந்தது.

மறுநாள் விடிந்து கொஞ்ச நேரத்தில், சீசனின் முதல் நடை போய்க் கொழும்பிலிருந்து திரும்பிக்கொண்டிருந்த ஒரு சரக்குத் தோணி அவர்களைக் கண்டது. தோணிக்காரர்கள் சிலுவையை ஒரு பாயில் சுருட்டி ஏற்றினார்கள். ஜெயசிங்குக்குத் தண்ணீரைக் கரண்டி கரண்டியாகக் கொடுத்தார்கள். தூத்துக்குடி வந்துசேர ஒன்றரை நாள் ஆனது. அந்த ஒன்றரை நாளும் அவர் ஒரே வேலைதான் செய்தார். பிச்சம்மாளிடம் என்ன சொல்வது என்று யோசித்தார். பிள்ளைகளை நன்றாகப் படிக்க வை என்றார், மாதா உங்களைக் கைவிட மாட்டாள் என்றார், உன்னை நினைத்துக்கொண்டே கண்ணை மூடினார். நல்ல நல்ல பொய்கள். ஒவ்வொன்றையும் வாய்க்குள் சொல்லிப் பார்த்து, இது தேவலை, அது வேண்டாம் என்று பொறுக்கி வைத்தார்.

கரையில் ஊரே நின்றது. அழுகையும் ஒப்பாரியும் அடங்கி, சிலுவையைக் கோயிலுக்குத் தூக்கிக்கொண்டு போகும் முன், பிச்சம்மாள் ஜெயசிங் உட்கார்ந்திருந்த இடத்துக்கு வந்தாள். ஐந்து நாளாகத் தூங்காத முகம். குரலில் கோபம் எதுவும் இல்லை. அதுதான் அவருக்குத் தாங்க முடியாமல் இருந்தது.

“கடைசியா அவிய என்ன சொன்னாவ சார்?” என்று கேட்டாள்.

ஜெயசிங் அவள் முகத்தைப் பார்த்தார். பொறுக்கி வைத்த பொய் எதுவும் நாக்குக்கு வரவில்லை.

“ஒங்க பேரச் சொன்னாவ. ஒங்ககிட்ட ஒண்ணு சொல்லணும்னாவ. அதுக்கு மேல நான்தான் பேச விடல. மீன் வந்துது.”

அவள் கடற்கரையில் பிறந்து கடற்கரையில் வாழ்க்கைப்பட்டவள். மீன் வந்துது என்றால் என்ன என்று அவளுக்கு விளக்க வேண்டியதில்லை.

“கெடச்சுதா?” என்றாள்.

“கெடச்சுது.”

“அவியளுக்குக் குடுத்தீயளா?”

“குடுக்கதுக்குள்ள போயிட்டாவ. நான்தான் தின்னேன்.”

பிச்சம்மாள் தலையை ஆட்டினாள். பிறகு அவருக்கு எதிரே மணலில் உட்கார்ந்தாள். கண்ணீரைத் துடைத்துக்கொண்டு, சேலைத் தலைப்பை மடியில் ஒதுக்கிக்கொண்டு, கேட்பதற்குத் தயாராகிறவளைப் போல நிமிர்ந்தாள்.

“மூணு ராவும் நாலு பகலும் நீங்கதான கூட இருந்தீய. நீங்களே சொல்லுங்க சார், அவிய எங்கிட்ட என்ன சொல்ல வந்தாவன்னு.”

கோயிலுக்குப் போக வேண்டியவர்கள் காத்துக்கொண்டு நின்றார்கள். அவள் எழுந்திருக்கவில்லை. ஜெயசிங் அன்று பலகையில் வைத்தது போல, உரிந்த உள்ளங்கையை மணலில் வைத்துப் பார்த்தார். எதுவும் அதிரவில்லை.